கோர்ட் உத்தரவு கையில் இருக்கு. கால்வாயில் தண்ணீர் வருமா?

இயக்கக் கூட்டங்களில் விதை, விலை, சந்தை எல்லாம் பேசி முடித்த பிறகு தவறாமல் வரும் கேள்வி ஒன்று உண்டு. "அய்யா, ஹைகோர்ட்ல ஜெயிச்சு ஒன்றரை வருஷம் ஆச்சு. ஒரு அதிகாரியும் எட்டிப் பார்க்கல. கோர்ட் அவமதிப்புன்னு கேஸ் போட்டா உள்ளே தள்ளிடுவாங்களா?" ஓர் ஊரில் ஏரிப் புறம்போக்கு, இன்னோர் ஊரில் வண்டிப்பாதை, வேறோர் ஊரில் வரத்துக் கால்வாய். விவகாரம் மாறும், கேள்வி மாறாது.

நான் வக்கீல் இல்லை. முப்பது வருஷத்துக்கு மேல் வங்கியில் குப்பை கொட்டிவிட்டு மண்ணுக்குத் திரும்பியவன். ஆனால் கடன் வசூலுக்காக கோர்ட் படிகளை நிறைய ஏறி இறங்கியிருக்கிறேன். அங்கே கற்ற முதல் பாடம் இதுதான்: தீர்ப்பு வாங்குவது பாதி வேலை, அதை நிறைவேற்றிக்கொள்வது மீதி வேலை. டிகிரி ஆகியும் வசூலாகாத கடன் ஃபைல்கள் எந்த வங்கிக் கிளையிலும் அலமாரி நிறைய இருக்கும். டிகிரி தானாக நடந்துபோய்ப் பணத்தை எடுத்து வராது. ஹைகோர்ட் உத்தரவும் அப்படித்தான், தானாக மண்வெட்டி எடுக்காது.

அதை நடக்க வைக்கும் வழிகளில் ஒன்றுதான் நீதிமன்ற அவமதிப்பு வழக்கு. அது எப்போது உதவும், எப்போது உதவாது என்பதைத் தெரிந்துகொண்டு இறங்கினால் காசும் காலமும் மிச்சம்.

அவமதிப்பு என்றால் என்ன?

இதற்கான சட்டம் 1971ஆம் ஆண்டின் நீதிமன்ற அவமதிப்புச் சட்டம். அது அவமதிப்பை இரண்டாகப் பிரிக்கிறது. நீதிமன்றத்தை இழிவுபடுத்துவது, நீதி வழங்கும் பணியில் குறுக்கிடுவது போன்றவை குற்றவியல் அவமதிப்பு. செய்தித்தாளில் பெரும்பாலும் அடிபடுவது இதுதான். நமக்கு வேண்டியது மற்றொன்று, சிவில் அவமதிப்பு.

சட்டத்தின் 2(பி) பிரிவு சொல்வது சுருக்கமாக இது: நீதிமன்றத்தின் தீர்ப்பையோ ஆணையையோ உத்தரவையோ வேண்டுமென்றே மீறுவது, அல்லது நீதிமன்றத்துக்குக் கொடுத்த உறுதிமொழியை வேண்டுமென்றே மீறுவது. 'வேண்டுமென்றே' என்ற அந்தச் சொல்லை மனதில் வையுங்கள். பின்னால் அதற்கு வருகிறேன்.

தண்டனை அதிகபட்சம் 6 மாத வெறுங்காவல், அல்லது 2,000 ரூபாய் அபராதம், அல்லது இரண்டும். சிவில் அவமதிப்பில் அபராதம் மட்டும் போதாது என்று நீதிமன்றம் கருதினால்தான் சிறை. உண்மையான மன்னிப்பு கேட்டால் அதை ஏற்று விட்டுவிடவும் நீதிமன்றத்துக்கு அதிகாரம் உண்டு. உச்ச நீதிமன்றத்துக்கு அரசியல் சாசனத்தின் 129ஆம் பிரிவும், உயர் நீதிமன்றத்துக்கு 215ஆம் பிரிவும் இந்த அதிகாரத்தைக் கொடுக்கின்றன.

ஒன்றைப் புரிந்துகொள்ள வேண்டும். அவமதிப்பு வழக்கில் விவகாரம் நீதிமன்றத்துக்கும் மீறியவருக்கும் இடையில்தான். நாம் தகவல் சொல்பவர்கள். நம்மை அலையவிட்ட அதிகாரியைப் பழிவாங்குவதற்கான மேடை அல்ல அது. அந்த எண்ணத்தோடு போகிறவர்கள் ஏமாந்துதான் திரும்புகிறார்கள்.

முதலில் உத்தரவின் கடைசிப் பத்தியைப் படியுங்கள்

எங்கள் பக்கத்து ஊர் ஏரிக்கு வரும் வரத்துக் கால்வாய் இரண்டு இடத்தில் சமன் செய்யப்பட்டு, கழனியோடு கழனியாகிவிட்டது. மேற்கே நல்ல மழை பெய்தாலும் தண்ணீர் தார்ச்சாலையில் ஓடி வீணாகும். ஏரிக்குள் சீமைக் கருவேலம்தான் நிற்கும். ஆயக்கட்டுக்காரர்கள் பலர் கழனியைத் தரிசாகப் போட்டுவிட்டு நகரத்துக்குக் கட்டட வேலைக்குப் போய்விட்டார்கள். மீதி இருந்தவர்கள் காசு சேர்த்து ஹைகோர்ட்டில் ரிட் மனு போட்டார்கள். உத்தரவு வந்தது. ஊரே இனிப்பு கொடுத்தது.

கடைசிப் பத்தியில் இருந்தது இதுதான்: மனுதாரர்களின் மனுவைச் சட்டப்படியும் தகுதியின் அடிப்படையிலும் பரிசீலித்து 12 வாரத்துக்குள் உத்தரவு பிறப்பிக்க வேண்டும்.

பதினோராவது வாரம் வட்டாட்சியர் அலுவலகத்திலிருந்து கடிதம் வந்தது. "புலத்தணிக்கை செய்ததில் ஆக்கிரமிப்பு ஏதும் காணப்படவில்லை. மனு நிராகரிக்கப்படுகிறது." இளவட்டங்கள் கொதித்துப் போனார்கள். "அப்பட்டமான பொய்ங்க அய்யா. கன்டெம்ப்ட் போடுவோம்!"

போட முடியாது. கோர்ட் சொன்னது 'பரிசீலி' என்று, அதிகாரி பரிசீலித்துவிட்டார். முடிவு தப்பாக இருக்கலாம், ஆனால் உத்தரவு மீறப்படவில்லை. அதிகாரி ஓர் உத்தரவு போட்டுவிட்டால், அது சரியோ தப்போ, அதை எதிர்த்துத் தனியாக வழக்குப் போட வேண்டுமே தவிர, அவமதிப்பு மனுவில் அதை ஆராய முடியாது என்று உச்ச நீதிமன்றம் 1996லேயே சொல்லிவிட்டது. அவமதிப்பைக் கேட்கும் நீதிமன்றம் பழைய உத்தரவின் எல்லையைத் தாண்டிப் புதிதாக எதையும் சேர்க்காது.

ஆகவே அந்த ஊர்க்காரர்கள் அந்தக் கடிதத்தையே எதிர்த்து இரண்டாவது ரிட் போட்டார்கள். இந்த முறை அ-பதிவேட்டு நகல், புல வரைபடம், சர்வே எண், இரண்டு இடத்தின் நீள அகலம் எல்லாம் மனுவில் இருந்தன. கோரிக்கையும் 'எங்கள் மனுவைப் பரிசீலிக்க வேண்டும்' என்பதோடு நிற்கவில்லை. நில அளவைத் துறை இரு தரப்பையும் வைத்து அளக்க வேண்டும். வாய்க்கால் புறம்போக்கில் ஆக்கிரமிப்பு இருந்தால் நோட்டீஸ் கொடுத்து இத்தனை வாரத்துக்குள் அகற்ற வேண்டும் என்று கேட்டார்கள். அப்படியே உத்தரவும் கிடைத்தது. அளந்தார்கள், ஆக்கிரமிப்பு உறுதியானது. ஆனாலும் கெடு தாண்டியது. இப்போது அவமதிப்பு மனு சரியான ஆயுதம். நோட்டீஸ் போன சில வாரத்திலேயே ஓர் இடத்தில் ஜே.சி.பி. வந்து கால்வாயைத் திறந்துவிட்டது.

இன்னோர் இடம் இன்னும் திறக்கவில்லை. ஆக்கிரமித்தவர் மேல்முறையீட்டில் இடைக்காலத் தடை வாங்கியிருக்கிறார். தடை இருக்கும்வரை அந்த இடத்துக்கு அவமதிப்பு பொருந்தாது. அந்தத் தடையை நீக்கக் கேட்டு மனுப் போடுவதுதான் வழி, அதைத்தான் செய்துகொண்டிருக்கிறார்கள்.

ஒரு சொல் எவ்வளவு இழுக்கும் என்பதற்கு நாடறிந்த உதாரணம் காவிரி. 2018 பிப்ரவரி 16 தீர்ப்பில் தமிழ்நாட்டுக்கு 177.25 டி.எம்.சி. என்று முடிவு செய்த உச்ச நீதிமன்றம், அதைச் செயல்படுத்த 6 வாரத்துக்குள் மத்திய அரசு ஒரு 'ஸ்கீம்' வகுக்க வேண்டும் என்றது. கெடு முடியும் நேரத்தில் மத்திய அரசு, 'ஸ்கீம்' என்றால் என்ன என்று விளக்கம் கேட்டு மனுப் போட்டது. தமிழ்நாடு அவமதிப்பு மனுப் போட்டது. மே மாதம் வரைவுத் திட்டம் நீதிமன்றத்துக்கு வந்தது. ஜூன் 1ஆம் தேதி காவிரி நீர் மேலாண்மை ஆணையத்துக்கான அறிவிப்பு அரசிதழில் வெளியானது. யாரும் சிறைக்குப் போகவில்லை. ஆனால் காகிதம் நகர்ந்தது. அவமதிப்பு மனுவின் உண்மையான பயன் பெரும்பாலும் இவ்வளவுதான். நமக்கும் அதுதானே வேண்டும்?

ஒரு வருஷக் கணக்கு

நம்மவர்கள் அதிகம் கோட்டை விடுவது இங்கேதான். அவமதிப்பு நடந்த நாளிலிருந்து ஒரு வருஷத்துக்குள் மனுத் தாக்கல் செய்ய வேண்டும். இது சட்டத்தின் 20ஆம் பிரிவு.

எந்த நாளிலிருந்து எண்ணுவது? உத்தரவு நகல் கிடைத்த 12 வாரத்துக்குள் செய்ய வேண்டும் என்று இருந்தால், அதிகாரிக்கு நகல் கிடைத்த தேதியைக் குறித்துக்கொள்ளுங்கள். அதிலிருந்து 84 நாள். அது முடிந்த மறுநாள் மீறல் தொடங்குகிறது. அங்கிருந்து ஒரு வருஷம். "போன மாசம்கூட கலெக்டர்கிட்ட மனு கொடுத்தோமே" என்பது கணக்கில் வராது. நினைவூட்டல் கடிதம் எத்தனை எழுதினாலும் கெடு நீளாது. "தினமும் மீறிக்கிட்டுத்தானே இருக்காங்க, இது தொடர் குற்றம்தானே" என்ற வாதத்தையும் நம்பி உட்கார வேண்டாம். அதை நீதிமன்றம் எல்லா வழக்கிலும் ஏற்பதில்லை.

வங்கியில் கடன் பத்திரம் காலாவதி ஆகும் தேதியைச் சிவப்பு மையில் எழுதி வைப்போம். அதேபோல உத்தரவு வந்த அன்றே வீட்டுக் காலண்டரில் இரண்டு தேதியைக் குறித்துவிடுங்கள்: கெடு முடியும் நாள், அதிலிருந்து ஒரு வருஷம் முடியும் நாள்.

உத்தரவில் கெடுவே இல்லையென்றால்? நியாயமான காலத்துக்குள் செய்ய வேண்டும் என்றுதான் பொருள். ஆனால் எது நியாயமான காலம் என்பதில் சண்டை வரும். அதனால் கெடு நிர்ணயிக்கக் கேட்டு அதே நீதிமன்றத்தில் ஒரு மனுப் போட்டுவிடுவது நல்லது.

'வேண்டுமென்றே' என்பதை எப்படி நிரூபிப்பது?

மறதி, குழப்பம், செய்ய முடியாத சூழ்நிலை இவை அவமதிப்பு ஆகாது. தெரிந்தே செய்யவில்லை என்று காட்ட வேண்டும். சிறைக்கு அனுப்பும் வழக்கு என்பதால் நீதிமன்றம் ஆதாரத்தைக் கறாராகப் பார்க்கும். அதிகாரிகள் தரப்பில் வழக்கமாக வரும் பதில்களையும் அதற்கு நாம் கையில் வைத்திருக்க வேண்டியதையும் சொல்கிறேன்.

"உத்தரவு எங்களுக்கு வரவில்லை." சான்றிட்ட நகல் வாங்கி, ஒரு முகப்புக் கடிதத்தோடு, வழக்கில் எதிர்மனுதாரராக இருக்கும் ஒவ்வொரு அதிகாரிக்கும் ஒப்புகை கிடைக்கும் வகையில் தபாலில் அனுப்புங்கள். நேரில் கொடுத்தால் நம் நகலில் முத்திரையும் தேதியும் வாங்குங்கள். அந்தச் சின்ன ஒப்புகைதான் வழக்கின் உயிர்.

"நான் போன மாசம்தான் மாறுதலாகி வந்தேன்." அவமதிப்பு மனுவில் அதிகாரியைப் பதவியோடு பெயர் சொல்லிச் சேர்க்கிறோம். உத்தரவு அந்த நாற்காலியைக் கட்டுப்படுத்தினாலும், தெரிந்தே மீறினார் என்று காட்டப் புதியவருக்கும் தெரிந்திருக்க வேண்டும். ஆள் மாறும்போதெல்லாம் புதியவருக்கு ஒரு நகல் போகட்டும்.

"அப்பீல் போட்டிருக்கிறோம்." அப்பீல் போட்டதாலேயே உத்தரவு நின்றுவிடாது. தடையுத்தரவு வாங்கினால்தான் நிற்கும். ஆனால் தடை கேட்ட மனு விசாரணைக்கு நிலுவையில் இருந்தால், அது முடியட்டும் என்று நீதிபதி சில நாள் பொறுப்பதும் உண்டு.

"நடவடிக்கையில் இருக்கிறது." இதற்குத் தகவல் அறியும் உரிமைச் சட்டம் கைகொடுக்கும். உத்தரவு எந்தத் தேதியில் அலுவலகத்துக்கு வந்தது, எந்தத் தேதியில் சர்வேயருக்குப் போனது, நோட்டீஸ் எப்போது கொடுக்கப்பட்டது என்று கேளுங்கள். ஒன்றும் நடக்கவில்லை என்பதற்கு அவர்கள் கையெழுத்திட்ட பதிலே சாட்சி.

தண்டனை கொடுப்பார்களா?

பெரும்பாலும் நோட்டீஸ் போனதும் வேலை நடக்கும், இணக்க அறிக்கை தாக்கல் ஆகும், வழக்கு முடித்து வைக்கப்படும். ஆனால் எல்லாமே மன்னிப்போடு முடிவதில்லை.

நீலகிரி கூடலூர் காடுகளுக்காகத் தொடங்கி, இந்தியக் காடுகள் முழுவதற்குமான வழக்காக வளர்ந்தது கோதவர்மன் வழக்கு. அதில் உச்ச நீதிமன்றம் போட்ட உத்தரவை மீறி மர அறுவை ஆலைகளுக்கு அனுமதி கொடுத்ததற்காக, மகாராஷ்டிரத்தில் வனத்துறை அமைச்சராக இருந்தவருக்கும் வனத்துறை முதன்மைச் செயலாளராக இருந்தவருக்கும் 2006இல் ஒரு மாதச் சிறை கிடைத்தது. அவர்கள் கேட்ட மன்னிப்பை நீதிமன்றம் ஏற்கவில்லை.

ஆந்திராவில் குண்டூர் மாவட்டத்துத் தாசில்தார் ஒருவர், உயர் நீதிமன்ற உத்தரவு இருந்தும் ஏழைகளின் குடிசைகளை அகற்றினார். உயர் நீதிமன்றம் அவருக்கு 2 மாதச் சிறை விதித்தது. வழக்கு உச்ச நீதிமன்றம் வரை போனது. அதற்குள் அவர் துணை ஆட்சியராக உயர்ந்திருந்தார். 2025 மே மாதம் உச்ச நீதிமன்றம் அவரைத் திரும்பவும் தாசில்தார் பதவிக்கே இறக்கியது.

தண்டிக்கப்பட்டவருக்கு 19ஆம் பிரிவின்படி மேல்முறையீடு செய்யும் உரிமை உண்டு. ஆனால் அவமதிப்பு நடக்கவில்லை என்று நம் மனு முடித்து வைக்கப்பட்டால் அதே உரிமை நமக்கு இல்லை. உச்ச நீதிமன்றத்தில் சிறப்பு அனுமதி கேட்டுத்தான் போக வேண்டும். அதனால்தான் அரைகுறை ஆதாரத்தோடு அவசரப்பட்டுப் போடக்கூடாது என்று திரும்பத் திரும்பச் சொல்கிறேன்.

முன்சீப் கோர்ட் உத்தரவாக இருந்தால்?

பக்கத்துக் கழனிக்காரரோடு வரப்பு, வழி, வாய்க்கால் தகராறு என்றால் வழக்கு பெரும்பாலும் உள்ளூர் சிவில் கோர்ட்டில் இருக்கும். அங்கே கிடைத்த உத்தரவு மீறப்பட்டால் நேராக ஹைகோர்ட்டுக்கு அவமதிப்பு என்று ஓட வேண்டாம். சிவில் நடைமுறைச் சட்டத்திலேயே வழி இருக்கிறது.

வழக்கு நடக்கும்போது கிடைத்த இடைக்காலத் தடையை எதிராளி மீறினால், கட்டளை 39 விதி 2ஏ-யின்கீழ் அதே கோர்ட்டில் மனுப் போடலாம். சொத்தை ஜப்தி செய்யலாம், 3 மாதம் வரை சிவில் சிறையிலும் வைக்கலாம். இறுதித் தீர்ப்பு வந்த பிறகு என்றால் நிறைவேற்று மனு, அதாவது இ.பி.

இதிலும் கால வரம்பு உண்டு. நிலத்தைச் சுவாதீனம் ஒப்படைக்கச் சொல்லும் டிகிரிக்கு 12 வருஷம். கட்டியதை இடி, அடைத்ததைத் திற என்று ஒரு காரியத்தைச் செய்யச் சொல்லும் டிகிரிக்கு, வக்கீல்கள் 'மேண்டேட்டரி இன்ஜங்ஷன்' என்பார்களே, அதற்கு 3 வருஷம்தான். "12 வருஷம் டைம் இருக்கு" என்று யாரோ டீக்கடையில் சொன்னதை நம்பி, வாய்க்காலைத் திறக்கும் டிகிரியைப் பெட்டியில் பூட்டி வைத்துவிடாதீர்கள்.

நமக்கும் அதே சட்டம்

'இருக்கும் நிலை தொடர வேண்டும்' என்று கோர்ட் சொல்லியிருக்கும்போது, ராத்திரியோடு ராத்திரியாக ஊர் கூடிக் கரையை வெட்டினால் அவமதிப்பு செய்தவர்கள் நாமாகிவிடுவோம். நியாயம் நம் பக்கம் இருந்தாலும் அதே 6 மாதம், அதே 2,000 ரூபாய். கோபத்தில் எடுக்கும் கடப்பாரை, பல வருஷம் நடத்திய வழக்கைத் தலைகீழாக்கிவிடும்.

குண்டூர் வழக்கு இன்னொன்றையும் நமக்குச் சொல்கிறது. ஏரிப் புறம்போக்கில் குடிசை போட்டவர்களில் பலர் நம் கழனியில் நாற்று நட்டவர்கள். நோட்டீஸ் பெறவும் பதில் சொல்லவும் சட்டம் அவர்களுக்கு உரிமை கொடுத்திருக்கிறது. நம் மனுவிலேயே நோட்டீஸ் கொடுத்து அகற்ற வேண்டும் என்றும், வீடில்லாதவர்களுக்கு மாற்று இடம் தர வேண்டும் என்றும் கேட்டுவிட்டால் நியாயமும் நிற்கும், பின்னால் தடை வாங்கும் வாய்ப்பும் குறையும்.

சுருக்கமாக

உத்தரவு வந்ததும் சான்றிட்ட நகல் வாங்குங்கள். கடைசிப் பத்தியில் 'பரிசீலி' என்றிருக்கிறதா, 'செய்' என்றிருக்கிறதா என்று பாருங்கள். ஒவ்வோர் அதிகாரிக்கும் அனுப்பி, ஒப்புகைகளை ஒரே ஃபைலில் வையுங்கள். கெடு முடிந்ததும் வக்கீல் மூலம் ஒரு நோட்டீஸ் அனுப்புங்கள். பதில் இல்லையா, ஒரு வருஷத்தின் கடைசி மாதம்வரை காத்திருக்காமல் மனுப் போடுங்கள். பெண்கள், பட்டியல் சாதி மற்றும் பழங்குடியினர், குறைந்த வருமானம் உள்ளவர்கள் ஆகியோருக்கு இலவச சட்ட உதவி உண்டு. வட்ட சட்டப் பணிகள் குழுவில் விசாரித்தால் வழி சொல்வார்கள்.

கடைசியாக ஒன்று. கோர்ட்டில் கெடு கேட்கும்போது வக்கீலிடம் நம் காலண்டரையும் சொல்லுங்கள். பங்குனியிலிருந்து ஆனி வரை ஏரி வறண்டிருக்கும். சங்கிலி பிடிக்கலாம், எல்லைக்கல் நடலாம், மண் எடுக்கலாம். கெடு ஐப்பசியில் முடிவதுபோல் அமைந்தால், "தண்ணீர் நிற்கிறது, அளக்க முடியவில்லை" என்று எழுதிக் கொடுக்க அதிகாரிக்கு நாமே காரணம் கொடுத்ததாகிவிடும். அந்தப் பதிலை எந்த நீதிபதியும் தள்ளிவிட மாட்டார். ஆனி முடிவதற்குள் கால்வாய் திறந்தால்தான் அந்த வருஷ மழை ஏரிக்கு வரும்.